வாக்குரிமையும் வேங்கட நாடும்

தொல்காப்பியப் பாயிரம் தமிழ் வழங்கும் நிலத்துக்கு வட எல்லையாகச் சுட்டும் வேங்கட மலையின் அடிவாரத்தில், ஆந்திரப் பிரதேசத்தின் குடிமக்களாக நாம் வாழ்ந்து வருகின்றோம். சித்தூரிலும் திருப்பதியிலும் ரேணிகுண்டாவிலும் தொழிலின் பொருட்டு வந்து தங்கிய தமிழ்க் குடும்பங்கள் ஆண்டுதோறும் ஒன்றுகூடி விழா எடுக்கின்றன. இலக்கியம் பேசுகின்றோம், இசை கேட்டு மகிழ்கின்றோம். ஆயினும், தேர்தல் வந்துவிட்டால் நம் காலனியில் ஒரு வினா தவறாமல் எழுகின்றது. "உங்களுக்கு ஓட்டு எங்கே? இங்கேயா, ஊரிலா?" என்பதே அவ்வினா. சிலருக்கு இரண்டிடத்திலும் பெயர் இருக்கும். சிலருக்கோ ஓரிடத்திலும் இராது. இவ்வினாவுக்குச் சட்டம் தரும் விடை யாது, அவ்விடை எவ்வரலாற்றின் வழியே நமக்குக் கிட்டியது என்பவற்றை இக்கட்டுரையில் சிறிது ஆராய்வோம்.

குடவோலை

தேர்தல் என்றதும் தமிழர் மேடைகளில் முதலில் பேசப்படுவது உத்தரமேரூர். முதலாம் பராந்தக சோழனின் 12ஆம், 14ஆம் ஆட்சி ஆண்டுகளில், அதாவது கி.பி. 919, 921 ஆகிய ஆண்டுகளில், அவ்வூரில் பொறிக்கப்பட்ட கல்வெட்டுகள் ஊர்ச்சபைக்கு உறுப்பினரைத் தெரிந்தெடுக்கும் முறையை விரிவாகக் கூறுகின்றன. ஊர் 30 குடும்புகளாகப் பிரிக்கப்பட்டது. தகுதியுடையோர் பெயரை ஓலையில் எழுதிக் குடத்தில் இட்டு, ஒரு சிறுவனைக் கொண்டு எடுக்கச் செய்தனர். 35 வயதுக்கு மேற்பட்டு 70 வயதுக்கு உட்பட்டவராக இருத்தல் வேண்டும். வரி செலுத்தும் கால் வேலிக்கு மேற்பட்ட நிலமும், சொந்த மனையில் கட்டிய வீடும் வேண்டும். பொறுப்பேற்றுக் கணக்குக் காட்டாதவரும் அவர்தம் நெருங்கிய உறவினரும் விலக்கப்பட்டனர்.

இப்பெருமை நமக்கு உரியதே. எனினும் உண்மையை மறைத்துப் பெருமை பேசுதல் அழகன்று. உத்தரமேரூர் ஒரு பிரமதேயம். நிலமும் வேதக் கல்வியும் உடைய ஆடவர் சிலருக்கே அங்கு இடம் இருந்தது. பெண்டிரும் உழுகுடிகளும் அக்குடத்துக்குப் புறம்பே நின்றனர். மேலும், அது திருவுளச்சீட்டே அன்றி வாக்கெடுப்பு அன்று. ஆகவே நாம் அதிலிருந்து கொள்ளத்தக்கது வேறொன்று. யாருடைய பெயர் ஓலையில் ஏறலாம், யாருடைய பெயர் ஏறலாகாது என்பதை முன்கூட்டியே விதியாக்கி, எவரும் காணக் கோயிற் சுவரில் வெட்டி வைத்தார்களே, அந்த ஒழுங்கே அது. தேர்தல் சட்டம் என்பதன் உயிர்நிலை அன்றும் இன்றும் பெயர்ப்பட்டியலில்தான் இருக்கின்றது.

சென்னை மாகாணத்தில்

சித்தூர் மாவட்டம் 1911ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நாள் உருவாயிற்று. அதற்கு முன்னர்ச் சித்தூர் நகரம் வடஆர்க்காடு மாவட்டத்தின் தலைநகராக விளங்கியது. தமிழும் தெலுங்கும் கலந்து வழங்கிய இந்நிலம் அன்று சென்னை மாகாணத்தின் ஒரு பகுதி. 1919ஆம் ஆண்டின் இந்திய அரசுச் சட்டப்படி நடந்த தேர்தல்களில் வாக்குரிமை, சொத்தும் வரியும் உடைய சிலருக்கே கிட்டியது. பெண்களுக்கு அவ்வுரிமை தருவதை அச்சட்டம் மாகாணச் சபைகளின் விருப்பத்துக்கு விட்டிருந்தது. 1921இல் இந்திய மாகாணங்களுள் முதன்முதலாகச் சென்னைச் சபையே அத்தடையை நீக்கிற்று. ஆனால் தம் பெயரில் சொத்துடைய பெண்டிர் எத்துணைப் பேர் இருந்திருப்பர்? கதவு திறந்தும் உள்ளே புகுந்தோர் சிலரே.

1935ஆம் ஆண்டின் சட்டம் வாக்காளர் தொகையைப் பெருக்கிற்று. அப்போதும் பிரிட்டிஷ் இந்தியா முழுவதிலும் வாக்குரிமை பெற்றவர் ஏறத்தாழ 3 கோடிப் பேரே. நிலமில்லாத உழவனும், எழுத்தறியாத கூலியாளும், மனைக்குள் உழைத்த தாயும் பட்டியலுக்கு வெளியே நின்றனர்.

ஒரே பட்டியல்

விடுதலை பெற்ற இந்தியா இந்நிலையை ஒரே அடியில் மாற்றியது. அரசியலமைப்பின் 326ஆம் பிரிவு, வயது வந்த குடிமக்கள் அனைவருக்கும் வாக்குரிமை அளித்தது. சமயம், இனம், சாதி, பால் ஆகியவற்றைக் காரணமாகக் காட்டி எவரையும் பட்டியலினின்று விலக்கலாகாது என்று 325ஆம் பிரிவு விதித்தது. தொகுதிக்கு ஒரே பொதுப் பட்டியல் என்ற நெறியும் அப்பிரிவில் உள்ளது. இவற்றை நடத்தும் பொறுப்பை 324ஆம் பிரிவு தேர்தல் ஆணையத்துக்கு ஒப்படைத்தது. அவ்வாணையம் 1950ஆம் ஆண்டு சனவரி 25ஆம் நாள், குடியரசு பிறப்பதற்கு முந்திய நாளில், நிறுவப்பட்டது.

அரசியலமைப்பை வகுத்த பேரவையில் நம் பகுதியைச் சேர்ந்த ஒருவரும் அமர்ந்திருந்தார். திருச்சானூரில் 1891இல் பிறந்து, சித்தூரில் வழக்கறிஞராகத் தொழில் நடத்திய மாடபூஷி அனந்தசயனம் அய்யங்காரே அவர். முதற் பொதுத் தேர்தலில் திருப்பதித் தொகுதியிலிருந்து மக்களவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1956 முதல் 1962 வரை அவ்வவையின் தலைவராக விளங்கினார்.

முதல் தேர்தல் ஆணையர் சுகுமார் சென் அவர்களின் முன் நின்ற பணி எளிதன்று. 17 கோடியே 32 லட்சம் வாக்காளர் பெயரை வீடுதோறும் சென்று எழுத வேண்டியிருந்தது. 1951இல் எழுத்தறிந்தோர் நூற்றுக்கு 18 பேர்தாம். ஆகவே கட்சிகளுக்குச் சின்னங்கள் வழங்கப்பட்டன. வேட்பாளர் ஒவ்வொருவருக்கும் தனிப் பெட்டி வைத்து, விரும்பிய சின்னம் ஒட்டிய பெட்டியில் சீட்டை இடச் செய்தனர்.

அப்போது நேர்ந்த ஒரு செய்தியை நம் இல்லத்தரசியர் சிறப்பாகக் கருத வேண்டும். வட மாநிலங்கள் சிலவற்றில் பெண்டிர் பலர் தம் பெயரைக் கூற மறுத்து, "இன்னாருடைய மனைவி", "இன்னாருடைய தாய்" என்றே எழுதச் செய்தனர். பெயரில்லாத வாக்காளரை ஏற்க இயலாது என்று ஆணையம் உறுதியாக நின்றது. முடிவில் ஏறத்தாழ 28 லட்சம் பெண்களின் பதிவுகள் நீக்கப்பட்டன. சட்டம் கொடுத்த உரிமையை ஒரு பெயர் இன்மையால் இழந்தனர்.

நாமக்கல் வழக்கு

அதே முதல் தேர்தலில் தமிழகத்திலிருந்து புறப்பட்ட ஒரு வழக்கு இந்தியத் தேர்தல் சட்டத்துக்கே வழிகாட்டி ஆயிற்று. நாமக்கல் தொகுதியில் சட்டசபைக்கு நிற்க என். பி. பொன்னுசாமி என்பார் வேட்புமனு அளித்தார். தேர்தல் அதிகாரி அதனைத் தள்ளிவிட்டார். பொன்னுசாமி சென்னை உயர் நீதிமன்றத்தை நாடினார். அங்கு நிவாரணம் கிட்டாமையால் உச்ச நீதிமன்றத்தை அடைந்தார். 1952 சனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புரைத்தது. தேர்தல் நடந்துகொண்டிருக்கும்போது இடைப்புகுந்து நீதிமன்றம் அதனை நிறுத்தலாகாது. குறை உள்ளவர் தேர்தல் முடிந்தபின் தேர்தல் மனு ஒன்றினால் மட்டுமே முறையிடலாம். அரசியலமைப்பின் 329ஆம் பிரிவின் கருத்து இதுவே என்றது. வாக்களிப்பதும் வேட்பாளராக நிற்பதும் சட்டத்தால் பிறந்த உரிமைகளாதலின், அச்சட்டம் வகுத்த எல்லைக்குள்ளேயே அவை இயங்கும் என்றும் கூறிற்று.

இது கடுமையாகத் தோன்றலாம். ஆனால் ஒவ்வொரு மனுவுக்கும் ஒரு தடையாணை பிறந்தால் குறித்த காலத்தில் எந்தத் தேர்தலும் முடியாது அன்றோ? இத்தீர்ப்பிலிருந்து நமக்குப் புலனாவது, தேர்தல் சக்கரம் சுழலத் தொடங்கிய பின் கூக்குரலிட்டுப் பயனில்லை என்பதே.

வாக்காளர் இருந்த இடத்திலே, மாநிலம் மாறியது

இனி நம் நிலத்துக்கே உரிய ஒரு புதுமையைக் காண்போம். 1952இல் சித்தூர், திருப்பதி, திருத்தணி வாக்காளர் அனைவரும் சென்னைச் சட்டசபைக்கு வாக்களித்தனர். 1953 அக்டோபர் முதல் நாள் ஆந்திர மாநிலம் பிறந்தபோது சித்தூர் மாவட்டம் அதனுடன் சேர்ந்தது. வேங்கடம் வரை தமிழகத்துக்கே வேண்டும் என்று ம. பொ. சிவஞானம் முதலியோர் போராடினர். தெலுங்கு மக்களும் தம் உரிமையை வலியுறுத்தினர். பின்னர் படாஸ்கர் அவர்களின் பரிந்துரையை ஒட்டி 1959இல் எல்லை மாற்றச் சட்டம் நிறைவேறி, 1960 ஏப்ரல் முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. திருத்தணி சென்னை மாநிலத்தைச் சேர்ந்தது. சத்தியவேடு ஆந்திரத்துக்கு வந்தது. சித்தூரும் திருப்பதியும் ஆந்திரத்திலேயே நிலைத்தன.

திருத்தணியில் வாழ்ந்த ஒரு குடியானவரை எண்ணிப் பாருங்கள். வீட்டை விட்டு ஓரடி நகராமலே 1952இல் சென்னைச் சட்டசபைக்கும், 1955இல் ஆந்திரச் சட்டசபைக்கும், 1962இல் மீண்டும் சென்னைச் சட்டசபைக்கும் வாக்களிக்கும் நிலை அவருக்கு வாய்த்தது. மாநிலம் இரு முறை மாறியது. மேடைகளில் மொழிப்பூசல் முழங்கியது. அவருடைய வாக்குரிமையோ எங்கும் அறுபடவில்லை. ஏனெனில், சட்டம் அவருடைய தாய்மொழி எது என்று வினவவில்லை. இந்தியக் குடிமகனா, வயது நிரம்பியவரா, இவ்விடத்தில் வழக்கமாக வசிப்பவரா என்று மட்டுமே வினவியது. ஆந்திர மண்ணில் வாழும் நமக்கும் அதுவே அரண்.

காவல்கள்

தனிப் பெட்டி முறை 1957 வரை நடந்தது. சீட்டைப் பெட்டியில் இடாமல் வெளியே கொண்டுவந்து விற்கும் தீங்குக்கு அதில் இடம் இருந்தது. 1962 பொதுத் தேர்தலில், எல்லாச் சின்னங்களும் அச்சிட்ட ஒரே சீட்டில் முத்திரை குத்தும் முறை வந்தது. மைசூர் வண்ணத் தொழிற்சாலையின் அழியா மையும் அவ்வாண்டே விரலில் ஏறிற்று. 1961ஆம் ஆண்டின் தேர்தல் நடத்தை விதிகள், நம் பெயரில் வேறொருவர் முந்தி வாக்களித்துவிட்டால் நாம் கேட்டுப் பெறத்தக்க தனி வாக்குச்சீட்டுக்கு வழி செய்கின்றன. அச்சீட்டு எண்ணப்படாமல் முத்திரையிட்ட உறையில் காக்கப்படும். வழக்கு வருமாயின் சான்றாக நிற்கும். 61ஆம் திருத்தத்தால் 1989இல் வாக்களிக்கும் வயது 21இலிருந்து 18 ஆயிற்று. 1996இல் வாக்குப்பதிவு நாளுக்குச் சம்பளத்துடன் விடுமுறை என்பதும் சட்டமாயிற்று.

காவல் எத்துணை இருப்பினும் களவும் முயலும். 2021 ஏப்ரலில் நடந்த திருப்பதி மக்களவை இடைத்தேர்தலில், வெளியூர் ஆட்களைக் கொணர்ந்து பிறர் பெயரில் வாக்களிக்கச் செய்தனர் என்றும், வாக்காளர் அடையாள அட்டைகள் முறைகேடாகப் பதிவிறக்கம் செய்யப்பட்டன என்றும் குற்றச்சாட்டு எழுந்தது. அதன் தொடர்ச்சியாக 2024 சனவரியில் உயர் அலுவலர் ஒருவர் பணியிடை நீக்கம் செய்யப்பட்டார். உரியவர் வாராத பெயரே இத்தகைய முறைகேட்டுக்கு வாய்ப்பான பெயர் என்பதை நாம் மறத்தலாகாது.

நம் கடமை

இனி முதல் வினாவுக்கு வருவோம். 1950ஆம் ஆண்டின் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம், ஒருவர் வழக்கமாக வசிக்கும் இடத்திலேயே பெயர் பதிய வேண்டும் என்கின்றது. ஊரில் வீடோ நிலமோ இருப்பதனால் மட்டும் அங்கு வசிப்பவர் ஆகிவிட மாட்டார். சிறிது காலம் வெளியே சென்றிருப்பதால் வசிப்பிடம் இழந்தவரும் ஆக மாட்டார். ஒருவர் பெயர் இரண்டு தொகுதிகளில் இருத்தலாகாது. பொய்யுறுதி கூறிப் பதிந்தால் ஓராண்டு வரை சிறைத்தண்டனை உண்டு. இரு தொகுதிகளில் வாக்களித்தால் இரண்டு வாக்குகளும் செல்லாதவை ஆகும்.

ஆகவே, மாற்றல் உத்தரவு வந்து ஆண்டுக்கணக்கில் இங்குக் குடியிருக்கும் நம்மவர், 8ஆம் எண் படிவத்தை அளித்துத் தம் பெயரை இவ்விடத்துக்கு மாற்றிக்கொள்ளுதலே முறை. திருமணமாகி வந்த பெண்களின் பெயர் பலவும் பிறந்த வீட்டுப் பட்டியலிலேயே கிடக்கின்றன. 2025 நவம்பரில் தமிழ்நாட்டில் சிறப்புத் தீவிரத் திருத்தம் தொடங்கி, வீடு வீடாகப் படிவம் கொடுக்கப்பட்டது. அங்கு வசியாதவர் பெயர் அங்கு நிலைக்குமென்று இனி நம்பியிருத்தல் தகாது. 18 வயது நிரம்பும் மக்களுக்கு 6ஆம் எண் படிவம். முன்போல் சனவரி முதல் நாள் ஒன்றே தகுதி நாள் அன்று. 2021ஆம் ஆண்டின் திருத்தச் சட்டத்தால் ஏப்ரல், சூலை, அக்டோபர் முதல் நாட்களும் சேர்ந்துள்ளன.

காலத்தைக் கருதுதல் மிக முக்கியம். வேட்புமனு அளிக்கும் கடைசி நாள் கடந்துவிட்டால், அத்தேர்தல் முடியும் வரை பட்டியலில் ஒரு பெயரைச் சேர்க்கவோ நீக்கவோ சட்டம் இடந்தராது. பட்டியலில் இல்லாதவர் வாக்களிக்கவும் இயலாது. கையில் பழைய அட்டை இருப்பதால் மட்டும் வாக்குச்சாவடிக் கதவு திறவாது.

நம் சங்கம் தெருவுக்கு ஒருவராகப் பொறுப்பாளரை அமர்த்தி, ஆண்டுக்கு ஒரு முறையேனும் ஒவ்வொரு குடும்பத்தின் பெயர்களையும் பட்டியலுடன் ஒத்துப் பார்க்கச் செய்தல் நலம். ஆண்டு விழாவுக்கு நன்கொடை திரட்டச் செல்லும் அதே அன்பர்கள், அதே வேளையில் இதனையும் கேட்டு வரலாம். வீட்டுத் தலைவரின் பெயரை மட்டும் கேட்டுத் திரும்பாமல், அவ்வீட்டு அன்னையின் பெயரையும், மருமகளின் பெயரையும், இவ்வாண்டு வயது நிரம்பிய பிள்ளைகளின் பெயரையும் கேட்டு எழுதி வர வேண்டுமென்று விழாக் குழுவினரை வேண்டுகின்றோம்.