அனார்கலி: கல்லும் கதையும்

காதலுக்குக் குலமும் கொற்றமும் குறுக்கே நின்ற கதை எதுவெனக் கேட்டால், படித்தவரும் பாமரரும் ஒருசேரச் சொல்லும் பெயர் அனார்கலி. இளவரசர் சலீம் அரண்மனைப் பணிப்பெண் ஒருத்தியை விரும்பினார். சினந்த தந்தை அக்பர் அவளை உயிரோடு சுவரில் வைத்துக் கட்டுவித்தார் என்பது செவிவழிக் கதை. 1960இல் ‘முகலே ஆஸம்’ திரைப்படம் இக்காதலை நாடறியச் செய்தது. 2018இல் கலர்ஸ் தொலைக்காட்சியின் தொடர் நாடகம் அதனை மீண்டும் வீடுதோறும் கொண்டு சேர்த்தது.

வரலாறு கூறுவது யாது?

அபுல் ஃபஸ்லின் ‘அக்பர் நாமா’வில் இந்நிகழ்ச்சி இல்லை. ஜஹாங்கீர் என்னும் பெயரில் அரியணை ஏறிய சலீமின் தன்வரலாற்றிலும் இல்லை. தம் குடிப்பழக்கத்தையும், அபுல் ஃபஸ்லைக் கொல்வித்ததையும் மறையாது எழுதியவர் அவர் என்பதை இங்கு எண்ணிப் பார்த்தல் வேண்டும்.

இச்செய்தியை முதன்முதல் எழுதிவைத்தவர், 1611இல் லாகூரில் தங்கியிருந்த ஆங்கில வணிகர் வில்லியம் ஃபின்ச். அவர் கேட்டெழுதிய செய்தியிலோ அவள் பணிப்பெண் அல்லள். அக்பரின் மனைவியருள் ஒருத்தி. இளவரசர் தானியாலின் தாய்! ஆண்டானும் அடிமையும் காதலித்தனர் என்னும் கரு அதில் இல்லை. அது பிற்காலத்தார் ஏற்றியது. 1922இல் இம்தியாஸ் அலி தாஜ் இயற்றிய உருது நாடகமே அதற்கு இன்றைய வடிவம் தந்தது. தம் நாடகத்துக்கு வரலாற்று ஆதாரமில்லை என அவரே ஒப்புக்கொண்டார்.

எனினும் லாகூரில் எண்கோண வடிவில் ஓர் அடக்கத்தலம் நிற்கிறது. அதன் பளிங்குப் பேழையில் அல்லாஹ்வின் 99 திருநாமங்கள் பொறிக்கப்பட்டுள்ளன. ஹிஜ்ரி 1008, 1024 (கி.பி. 1599, 1615) என்னும் இரு ஆண்டுகளும், பிரிவுத் துயர் கூறும் பாரசீக ஈரடியும், ‘மஜ்னூன் சலீம் அக்பர்’ என்னும் கையொப்பமும் அதில் உள்ளன. 1599 மறைந்த ஆண்டாயின், அதற்கு முன்பே, 1598இல், அக்பர் லாகூரை விட்டு அகன்றுவிட்டார். பிறகு அவர் கண்முன் சுவர் எழும்பியது எங்ஙனம்? சலீமின் துணைவியருள் ஒருவரான சாஹிப் ஜமாலே அங்கு அடங்கியவர் எனக் கருதும் அறிஞரும் உளர்.

ஆங்கிலேயர் காலத்தில் அக்கட்டடம் கிறிஸ்தவ தேவாலயமாயிற்று; 1891 முதல் பஞ்சாப் அரசின் ஆவணக் காப்பகமாயிற்று. ஆவணங்களுக்கு நடுவே துயிலும் அம்மங்கைக்கு மட்டும் ஓர் ஆவணமில்லை!

அக்பர் மீது சுமத்தப்பட்ட கொலைப்பழிக்கு உறுதியான சான்றில்லை. நீதி கருதி அதனைச் சொல்லியாக வேண்டும். ஆயினும் மக்கள் இக்கதையைப் போற்றிக் காத்ததற்கும் காரணம் உண்டு. அரண்மனைகளில் உழைத்து மாண்ட எண்ணற்ற பணிப்பெண்டிரின் பெயர்களை எந்த ‘நாமா’வும் எழுதவில்லை. மாதுளை மொட்டு எனும் பொருள்தரும் ஒரு பட்டப்பெயரில், அவர்கள் அனைவருக்கும் மக்கள் எழுப்பிய நினைவுச் சின்னமே இக்கதை போலும்.