அணுக்களுக்கு எல்லை வகுத்தவர்

பெங்களூரில் பல ஆண்டுகள் உயிர்வேதியியல் கற்பித்தேன். புரதப் பாடத்தை எப்போதும் ஜி.என்.ராமச்சந்திரனில் இருந்தே தொடங்குவேன். 1951-இல் புரதச் சங்கிலி எடுக்கும் ஆல்ஃபா சுருள் வடிவத்தைச் சொன்னவர் லைனஸ் பாலிங். அந்தப் பெருமை அவருடையதே. ஆனால் புரதச் சங்கிலி எங்கே வளையலாம், எங்கே வளையவே முடியாது என்று வரையறுத்தது நம் மண்ணில் நடந்த வேலை.

எர்ணாகுளத்தில் பிறந்த ராமச்சந்திரன் 1942-இல் பெங்களூரிலுள்ள இந்திய அறிவியல் கழகத்துக்கு வந்தது மின்பொறியியல் படிக்க. சர் சி.வி.ராமன் அவரை இயற்பியலுக்கு இழுத்துக்கொண்டார். பிறகு கேம்பிரிட்ஜ். 1952-இல் சென்னைப் பல்கலைக்கழக இயற்பியல் துறைத் தலைவரானபோது அவருக்கு வயது முப்பதை ஒட்டி.

அங்கே அவர் எடுத்துக்கொண்டது கொலாஜன்: தோல், எலும்பு, தசைநாண் எல்லாவற்றிலும் இருக்கும் புரதம். அதன் அமினோ அமிலங்களில் மூன்றில் ஒரு பங்கு கிளைசீன். அப்படியானால் ஒவ்வொரு மூன்றாவது இடத்திலும் கிளைசீன்தான் இருக்க வேண்டும் என்று பிடித்தார். மூன்று சங்கிலிகள் முப்புரிக் கயிறாக முறுக்கிக்கொண்டால் நடுவிலுள்ள இடுக்கில் பொருந்தும் அளவுக்குச் சிறியது அது ஒன்றே. கோபிநாத் கர்த்தாவுடன் 1954-இல் அதை வெளியிட்டார். மறு ஆண்டு திருத்தி மெருகேற்றினார்.

உடனே மறுப்பு வந்தது, பிரான்சிஸ் கிரிக்கிடமிருந்தும் அலெக்சாண்டர் ரிச்சிடமிருந்தும். உங்கள் மாதிரியில் சில அணுக்கள் மிக நெருங்கி நிற்கின்றன என்றார்கள். சரி, அணுக்கள் எவ்வளவுதான் நெருங்கலாம்? இந்தக் கேள்வியை அவர் விடாமல் பிடித்துக்கொண்டதைத்தான் நான் பெரிதாக மதிக்கிறேன். அதுவரை வெளியான படிக அமைப்புகளில் இருந்து அணுக்களின் இடைவெளிகளை அவரும் உடன் உழைத்தவர்களும் திரட்டினார்கள். சங்கிலியில் ஒவ்வொரு கண்ணியும் திரும்புவது ஃபை, சை என்ற இரண்டு கோணங்களில். ஒவ்வொரு கோண இணைக்கும் அணுக்கள் மோதுகின்றனவா என்று கணக்கிட்டார்கள். எந்தக் கோணங்கள் அனுமதிக்கப்படும் என்று காட்டும் வரைபடம், சி.ராமகிருஷ்ணன், வி.சசிசேகரன் ஆகியோருடன் சேர்ந்து அவர் எழுதிய கட்டுரையில் 1963-இல் வந்தது. அதில் பெரும்பகுதி வெற்றிடம். அனுமதிக்கப்பட்ட சிறு திட்டுகளுக்குள்தான் புரதச் சங்கிலி எடுக்கும் வடிவங்களான ஆல்ஃபா சுருளும் பீட்டா தகடும் விழுந்தன.

1971-இல் அவர் மீண்டும் பெங்களூர் வந்து அதே கழகத்தில் மூலக்கூறு உயிர் இயற்பியல் பிரிவைத் தொடங்கினார். சசிசேகரனும் வந்தார். நோபல் பரிசு அவருக்குக் கிடைக்காதது எனக்கு இன்றும் ஆறாத வருத்தம்.

புதிய புரத அமைப்பு எந்த நாட்டில் தீர்க்கப்பட்டாலும் இந்த வரைபடத்தில் வைத்துச் சரிபார்க்கிறார்கள். திட்டுக்கு வெளியே விழுந்த புள்ளி எது என்றுதான் மாணவர்களிடம் முதலில் கேட்பேன். கிளைசீன் என்றால் பயமில்லை. பக்கச் சங்கிலி இல்லாததால் மற்றவை போக முடியாத இடத்துக்கும் அது போகும். வேறு எதுவானாலும் எக்ஸ் கதிர்த் தரவை எடுத்து, அந்த இடத்தை மறுபடி பார்க்கச் சொல்வேன்.