ஆட்டம் இருக்கிறது, ஆபீஸ் மூடிவிட்டது

நம் வயதுக்காரர்கள் பலருக்குக் கம்ப்யூட்டர் அறிமுகமானதே சாலிடேர் மூலம்தான். மவுஸ் பிடிக்கக் கை பழக வேண்டும் என்று சாக்குச் சொல்லி, மதிய இடைவேளையில் சீட்டு அடுக்கிய குமாஸ்தாக்களில் நானும் ஒருவன். அந்த விண்டோஸ் கம்ப்யூட்டரிலேயே, பெயருக்கு முன்னால் 'இன்டர்நெட்' என்று போட்ட சில ஆட்டங்களும் இருந்தன. 2000-இல் விண்டோஸ் எம்.ஈ.யோடு வந்தவை. எக்ஸ்.பி.யிலும் ஐந்து ஆட்டங்கள்: பேக்கமன், செக்கர்ஸ், ஹார்ட்ஸ், ரிவர்ஸி, ஸ்பேட்ஸ். 2009-இல் வந்த விண்டோஸ் 7-இல் அவை மூன்றாகக் குறைந்தன.

ஆட்டத்தைத் திறந்தால் உலகத்தில் எங்கோ விழித்திருக்கும் ஒருவர் எதிரே வந்து உட்காருவார். பெயர் தெரியாது. என்ன மொழிக்காரர், ஆரம்ப நிலையா தேர்ந்தவரா என்பது மட்டும் தெரியும். மனம்போனபடி எழுதிப் பேசவும் முடியாது. 'நல்ல ஆட்டம்', 'உங்கள் முறை' என்பது போன்ற தயார் வாக்கியங்களில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கலாம். அது எதிராளிக்கு அவருடைய மொழியில் போய்ச் சேரும். வம்புக்கே இடமில்லாத ஏற்பாடு. இன்று வாட்ஸ்அப் குழுக்களைப் பார்க்கும்போது அதன் அருமை தெரிகிறது.

நான் பள்ளியில் படித்தது காரைக்காலில், பிரெஞ்சு வழியில். அங்கே நாங்கள் ஆடிய 'தாம்' பலகையில் பக்கத்துக்குப் பத்துக் கட்டம், ஆளுக்கு இருபது காய். விண்டோஸில் இருந்த செக்கர்ஸ் ஆங்கிலேயர் முறை: எட்டுக் கட்டம், பன்னிரண்டு காய். பிரெஞ்சு முறையில் ராஜாக் காய் குறுக்குக் கோட்டில் எத்தனை கட்டம் வேண்டுமானாலும் பாயும். ஆங்கில முறையில் ராஜாவானாலும் கட்டம் கட்டமாகத்தான் நகர வேண்டும். பணி ஓய்வுக்குப் பிறகு, மனைவியின் ஊரான துறையூரில் குடியேறி, இரவு ஒன்பது மணிக்கு மேல் இதைப் பழகிக்கொண்டேன்.

எக்ஸ்.பி., எம்.ஈ. இரண்டுக்குமான இணைய ஆட்டச் சேவை 2019 ஜூலை 31-இல் நின்றது. விண்டோஸ் 7-க்கு 2020 ஜனவரி 22-இல். மைக்ரோசாஃப்ட் முன்கூட்டியே அறிவித்துவிட்டுத்தான் நிறுத்தியது. இருபது வருடம் இலவசமாக நடத்தியதே பெரிது. ஆனால் இதில் நாம் கவனிக்க வேண்டிய சங்கதி ஒன்று உண்டு. ஆட்டம் நம் கம்ப்யூட்டரை விட்டுப் போகவில்லை. பலகை இருக்கிறது, காய் இருக்கிறது, விதிகள் எல்லாம் உள்ளே இருக்கின்றன. திறந்தால், எதிராளிதான் கிடைப்பதில்லை. ஆட்டத்தில் பாதிதான் நம் வீட்டில் இருந்தது. ஆட்களைச் சேர்த்து வைத்து, யாருடைய முறை என்று கணக்கு வைத்த மறு பாதி தொலைதூரத்தில் ஒரு சர்வரில் இருந்தது. நம்மிடம் விண்ணப்பப் படிவம் இருக்கிறது, அதை வாங்கிக்கொள்ளும் ஆபீஸ் மூடிவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இது புதிய வியாதி அல்ல. 'வோன்' என்ற பெயரில் ஓர் ஆட்ட வலையமைப்பு இருந்தது. கவுன்டர்-ஸ்ட்ரைக் முதலில் அதில்தான் ஓடியது. 2004 ஜூலை இறுதியில் அதை மூடி, எல்லோரையும் 'ஸ்டீம்' என்ற புது ஏற்பாட்டுக்கு மாற்றினார்கள். வெளிநாட்டில் பெரிய ரகளை. துறையூர் பிரௌசிங் சென்டரில் துப்பாக்கிச் சத்தம் ஒரு நாள்கூட நிற்கவில்லை. அந்தக் கடைக்குள்ளேயே ஏழெட்டுக் கம்ப்யூட்டர்களை வயரால் கோத்து, அதில் ஒன்றையே சர்வராக்கிப் பையன்கள் ஆடினார்கள். வெளியே யாரையும் கேட்க வேண்டியதில்லை. மணிக்கு இவ்வளவு என்று கடைக்காரருக்குக் கொடுத்தால் போதும். அப்போது ஏதோ ஏழை வீட்டுக் கல்யாணம் போலத் தெரிந்த அந்த ஏற்பாடுதான் உண்மையில் கெட்டியானது.

அடுத்த பெரிய மூடல் 'கேம்ஸ்பை'. 2014 மே 31. நூற்றுக்கணக்கான ஆட்டங்களுக்கு அதுதான் டெலிபோன் டைரக்டரி மாதிரி. ஆட்டம் நடத்தும் சர்வர்களை ஆட்டக்காரர்களே உலகம் முழுதும் வைத்திருந்தார்கள். எந்தச் சர்வர் எந்த முகவரியில் இருக்கிறது என்ற பட்டியல் மட்டும் கேம்ஸ்பையிடம். டைரக்டரி போனதும், வீடுகள் எல்லாம் நின்ற இடத்திலேயே நிற்க, யாருக்கும் வழி தெரியாமல் போயிற்று. 'ஹேலோ' என்ற ஆட்டத்துக்கு, பழைய ஊழியர் ஒருவரே முன்வந்து, கேம்ஸ்பை இல்லாமல் ஓடும்படி கடைசி நேரத்தில் திருத்தம் வெளியிட்டார். மற்ற பல ஆட்டங்களுக்கு ரசிகர்களே 'ஓபன்ஸ்பை' என்று மாற்று டைரக்டரி எழுதினார்கள்.

எப்படி எழுதுகிறார்கள்? குமாஸ்தாவாக இருந்தவனுக்கு இது விளங்கக்கூடிய வேலைதான். ஆட்டமும் சர்வரும் ஒன்றுக்கொன்று தபால் போட்டுக்கொள்கின்றன. 'நான் வந்திருக்கிறேன்', 'உட்கார்', 'ஆள் கிடைத்துவிட்டது', 'இந்தக் காயை இங்கே நகர்த்தினேன்'. சேவை நடக்கும்போதே அந்தத் தபால்களை நகலெடுத்து வைத்துக்கொண்டால், எந்தக் கடிதத்துக்கு எந்தப் பதில் என்று பிற்பாடு கண்டுபிடிக்கலாம். மூடின பிறகு ஆரம்பித்தால் கஷ்டம். நம்மிடம் இருக்கும் பாதி ஆட்டத்தைப் பிரித்துப் பார்த்து, அது என்ன பதிலை எதிர்பார்க்கிறது என்று ஊகிக்க வேண்டும். பதிவேடு எரிந்துபோன ஆபீஸில், மனுதாரர்களிடம் உள்ள ரசீதுகளைக் கொண்டு பதிவேட்டைத் திரும்ப எழுதுவது போல. பிறகு, பழைய சர்வரின் பெயரைத் தேடி ஆட்டம் போகும்போது, 'அந்தப் பெயர்க்காரர் இப்போது இந்த முகவரியில் இருக்கிறார்' என்று நம் கம்ப்யூட்டருக்குச் சொல்லிவைத்தால் போதும். அதற்கென்றே விண்டோஸில் 'ஹோஸ்ட்ஸ்' என்று ஒரு சின்னக் கோப்பு உண்டு. சங்கேதத்தில் பூட்டிய தபாலாக இருந்தால் அந்தப் பூட்டுக்கும் தனியாக வழி செய்ய வேண்டும்.

இது சட்டப்படி சரியா என்று கேட்பீர்கள். எனக்கும் அந்தக் கேள்வி வராமல் இருக்குமா? 1957-ஆம் வருடத்துக் காப்புரிமைச் சட்டத்தை எடுத்துப் பார்த்தேன். பிரிவு 52(1)(ab) என்பதை நம் எழுத்தில் 52(1)(ஏபி) என்று போட்டுக்கொள்ளுங்கள். ஒரு நிரலை முறைப்படி வைத்திருப்பவர், தனியாக எழுதப்பட்ட இன்னொரு நிரல் அதோடு சேர்ந்து இயங்கத் தேவையான தகவலை, வேறு வழியில் எளிதில் கிடைக்காதபோது, ஆராய்ந்து பெறலாம் என்கிறது. கள்ள நகலுக்கு இது அனுமதிச் சீட்டு அல்ல. அமெரிக்காவில் 2015-இல், சர்வர் கைவிடப்பட்ட ஆட்டங்களுக்கு வரம்புக்குட்பட்ட ஒரு விலக்குக் கொடுத்தார்கள்.

பிரான்சில் ஒரு நல்ல வழக்கம் உண்டு. அச்சாகும் ஒவ்வொரு நூலிலும் ஒரு பிரதியை அரச நூலகத்துக்குக் கொடுக்க வேண்டும் என்று முதலாம் பிரான்சுவா மன்னர் 1537-இல் ஆணையிட்டார். 1992-ஆம் வருடச் சட்டத்துக்குப் பிறகு அந்தக் கடமை பல்லூடகங்களுக்கும் விரிந்து, வீடியோ ஆட்டங்களும் பாரீஸ் தேசிய நூலகத்துக்குப் போய்ச் சேர்கின்றன. இங்கே 1954 சட்டப்படி சென்னை கன்னிமாரா நூலகத்துக்குப் புத்தகம் போகிறது, ஆட்டம் போவதில்லை. ஆனால் நூலக அலமாரியில் வட்டு பத்திரமாக இருந்தும் என்ன பயன்? சர்வர் இல்லாவிட்டால் அதுவும் பாதிதான். பிரெஞ்சு நிறுவனமான யுபிசாஃப்ட் 2014-இல் வெளியிட்ட 'தி க்ரூ' என்ற கார்ப் பந்தய ஆட்டமே இதற்கு உதாரணம். 2024 மார்ச் 31-இல் சர்வரை நிறுத்தியதும், தனியாக ஆடக்கூட முடியாமல் போயிற்று. காசு கொடுத்து வாங்கியவர்கள் சும்மா இருக்கவில்லை. ஐரோப்பிய ஒன்றியத்திடம் கொடுத்த மனுவில் 2025 ஜூலைக்குள் 10 லட்சத்துக்கு மேல் கையெழுத்து. சர்வரை என்றைக்கும் நடத்து என்று அவர்கள் கேட்கவில்லை. மூடும்போது, ஆட்டம் ஓடும் நிலையில் விட்டுப் போ என்பதுதான் கோரிக்கை. நியாயமாகவே படுகிறது.

விண்டோஸ் ஆட்டங்களுக்கும் யாரோ ஒரு புண்ணியவான் மாற்றுச் சர்வர் எழுதி, நிரலை எல்லோருக்கும் திறந்து வைத்திருக்கிறார். எக்ஸ்.பி., விண்டோஸ் 7 இரண்டுக்கும் வேலை செய்கிறது. திருச்சியில் இன்ஜினீயரிங் படிக்கும் என் பேரன் ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்து அமைத்துக் கொடுத்தான். பழைய கம்ப்யூட்டரை எடுத்து இதற்கு வைத்துக்கொள்ள நினைப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: விண்டோஸ் 7-க்குப் பாதுகாப்புத் திருத்தங்கள் வருவதில்லை. அதில் ஆட்டம் மட்டும் ஆடுங்கள். பேங்க், பென்ஷன் சமாசாரத்தைத் திறக்காதீர்கள்.

இதில் எதிர்பாராத லாபம் ஒன்று. பழைய சேவையில் எதிரே யார் வருவார் என்று நாம் தேர்ந்தெடுக்க முடியாது. இப்போதோ எங்கள் சர்வருக்கு வருகிறவர்களே இரண்டு பேர்தான், நானும் காரைக்காலில் இருக்கும் என் பள்ளித் தோழனும். அதனால் ஆட்டம் யாரைத் தேடினாலும் அவன்தான் கிடைக்கிறான். முழங்கால் அறுவைக்குப் பிறகு அவன் வெளியே போவதில்லை. தயார் வாக்கியங்கள் எங்களுக்குப் போதாது. செல்போனை ஸ்பீக்கரில் போட்டு மேஜைமேல் வைத்துவிடுகிறோம். நேற்று மூன்று ஆட்டம், இரண்டு எனக்கு. அவன் இன்னமும் ராஜாவைப் பலகையின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்குப் பாய விடப் பார்க்கிறான். ஆட்டம் விடுவதில்லை. "என்னடா இது, இங்கிலீஷ்காரன் ஆட்டம்" என்று பத்து நிமிஷம் திட்டுகிறான்.