யவனர் கண்ட குமரித் தெய்வம்



பத்தாம் வகுப்பு அளவே கற்று, இரயில்வேயில் எழுத்தனாகப் பணிபுரியும் யான் வரலாற்றுக் கட்டுரை எழுதத் துணிந்தமைக்குக் காரணம் என் மகள். சென்ற ஆண்டு ஒருநாள் இரவு, பள்ளிப் பாடத்திற்காகக் கிரேக்கத் தெய்வங்களின் பெயர்களை அவள் நெட்டுருச் செய்துகொண்டிருந்தாள். சீயஸ், ஹீரா, பொசைடன், அதீனா, அப்போலோ, ஆர்ட்டெமிஸ் என வரிசையாகச் சொல்லி வந்தவள் திடீரென்று நிறுத்தி, "அப்பா, நம்ம ஊர்ச் சாமியைப் பத்தி அந்தக் காலத்துல யாராவது எழுதி வச்சிருக்காங்களா?" என்று கேட்டாள். எனக்கு விடை தெரியவில்லை. தெரியாது என்று சொல்லவும் நாணமாக இருந்தது. பிறகு நூலகத்தில் சில மாதங்கள் தேடிப் படித்தேன். எழுதி வைத்திருக்கிறார்கள், எழுதியவனும் ஒரு கிரேக்கனே!

கிரேக்கரின் தலைமைத் தெய்வங்கள் பன்னிருவர். ஒலிம்பஸ் மலை அவர்களின் உறைவிடம். அரசனாகிய சீயஸ் நம் இந்திரனைப் போல் இடியைப் படையாகக் கொண்டவன். வேதத்தில் வானத்தைக் குறிக்கும் 'த்யௌஸ்' என்ற பெயரும் சீயஸ் என்ற பெயரும் ஒரே வேரில் கிளைத்தவை என்பது மொழிநூலார் முடிபு. தேவியருள் அதீனா, ஆர்ட்டெமிஸ், ஹெஸ்டியா ஆகிய மூவரும் மணம் செய்யாக் கன்னியர். அதீனா சீயஸின் தலையிலிருந்து படைக்கலத்தோடு தோன்றியவள். ஏதென்ஸ் நகரில் கி.மு. 447-இல் அவளுக்குக் கட்டத் தொடங்கிய பெருங்கோயிலின் பெயர் பார்த்தெனான். 'கன்னியின் இல்லம்' என்பது அதன் பொருள். கன்னித் தெய்வத்தை முனையிற் கொண்ட நாட்டினராகிய நமக்கு இச்சொல் சற்றும் அந்நியமாகத் தோன்றாது.

கிரேக்கருக்கு ஒரு வழக்கம் உண்டு. எந்நாட்டிற்குச் சென்றாலும் அந்நாட்டுத் தெய்வத்திற்குத் தம் தெய்வத்தின் பெயரைச் சூட்டிவிடுவர். எகிப்தியரின் ஆமோன் அவர்கள் வாயில் சீயஸ் ஆனான். சந்திரகுப்த மௌரியனின் அவைக்குத் தூதனாக வந்த மெகஸ்தனீஸும் அவ்வாறே செய்தான். மதுரா நகரத்தார் வழிபடும் தெய்வத்தை ஹெராக்ளீஸ் என்று எழுதினான். அது கண்ணனையே குறிக்கும் என்பர் அறிஞர் பலர். அந்த ஹெராக்ளீஸ் தன் மகள் பாண்டையாளுக்குத் தென்திசை நாட்டை அளித்தான் என்றும், அந்நாட்டு 365 ஊர்களும் நாளொன்றுக்கு ஓர் ஊராக அரசிக்குத் திறை செலுத்தின என்றும் அவன் பெயரால் வழங்கும் குறிப்புகள் கூறுகின்றன. பாண்டிய நாட்டைப் பற்றி வடக்கே அவன் கேட்டறிந்த செய்தி அது. கேள்விச் செய்தி கப்பலில் வரும் சரக்குப் போன்றது. வழியில் எத்தனையோ கை மாறிவிடுகிறது.

ஆனால் கி.பி. முதல் நூற்றாண்டின் நடுவில் ஒரு நூல் எழுந்தது. எரித்திரையக் கடலின் வழிகாட்டியாகிய 'பெரிப்ளூஸ்' என்பது அது. எழுதியவன் எகிப்தில் வாழ்ந்த ஒரு கிரேக்கன். தன் பெயரைக்கூட அவன் எழுதி வைக்கவில்லை. எந்தத் துறையில் எந்தச் சரக்கு கிடைக்கும், எங்கே நங்கூரம் பாய்ச்சலாம் என்பதே அவன் கவலை. நம் சரக்கு அலுவலகக் குறிப்பேட்டைப் போன்ற நூல் அது. ஆகவே எனக்கு அவன்மேல் தனிப் பற்று உண்டு. தென்மேற்குப் பருவக்காற்றைப் பிடித்தால், செங்கடல் முகத்திலிருந்து நாற்பது நாளில் முசிறித் துறையை அடையலாம் என்று பிளினி எழுதிய காலமும் அதே நூற்றாண்டுதான். மிளகுக்காக யவனர் பொன்னோடு வந்ததை அகநானூறும் கூறும்.

முசிறிக்குத் தெற்கே கரையோரமாக இறங்கிவரும் அந்நூல் பலிதா என்னும் துறையைக் குறிப்பிடுகிறது. நல்ல துறைமுகமும் கரையில் ஒரு சிற்றூரும் அங்கு உண்டாம். அதனை வர்க்கலை என்பாரும் உளர். நம் நெய்யாற்றின்கரைக்கு மேற்கேயுள்ள விழிஞம் என்பாரும் உளர். எனக்கு விழிஞம் என்று கொள்ளவே ஆசை. ஆனால் ஆசை சான்றாகாது. அதற்கு அடுத்து வருவது கொமரி. அங்கே ஒரு முனையும் துறையும் உள்ளன. எஞ்சிய வாழ்நாளை நோன்பில் கழிக்க விரும்பும் ஆடவர் அங்கு வந்து நீராடித் துறவு பூண்டு தங்குகின்றனர். பெண்டிரும் அவ்வாறே செய்கின்றனர். ஏனெனில் தேவி முன்னொரு காலத்தில் அங்கே தங்கி நீராடினாள் என்று சொல்லப்படுகிறது. இவ்வளவே அவன் எழுதியது. சரக்குப் பட்டியலுக்கு இடையே சில வரிகள்!

நான் வியந்தது இதுதான். அவன் அவளை அதீனா என்று எழுதவில்லை. ஆர்ட்டெமிஸ் என்றும் எழுதவில்லை. கன்னித் தெய்வம் நீராடும் கதை கிரேக்கரிடமே உண்டு. ஆர்ட்டெமிஸ் நீராடுவதைக் கண்டுவிட்ட ஆக்டியான் என்னும் வேட்டுவன் மானாக மாறி, தன் வேட்டை நாய்களாலேயே கிழிக்கப்பட்டு மாண்டான். குமரியின் கதையைக் கேட்ட மாலுமிக்கு அது நினைவுக்கு வந்திருக்கக்கூடும். இருந்தும் தன் நாட்டுப் பெயரைச் சூட்டாமல், 'தேவி' என்றே எழுதிப் போனான். முசிறிக்கு அருகில் அகஸ்டஸ் பேரரசனுக்குக் கோயில் ஒன்று இருந்ததாகப் பழைய உரோமானிய நிலப்படத்தின் படி காட்டுகிறது. தம் தெய்வத்தை இக்கரையில் நிறுத்தவும் அவர்கள் தயங்கியவர் அல்லர். குமரியிலோ, இருந்தவளை இருந்தபடியே விட்டார்கள்.

அவன் சொன்னதை நம் இலக்கியமும் உறுதிசெய்கிறது. மணிமேகலையில் ஆபுத்திரனின் தாய் சாலி, செய்த பிழை நீங்கக் குமரியாட வாரணாசியிலிருந்து நடந்து வருகிறாள். வடகோடியிலிருந்து ஒரு பெண்ணும், கடலுக்கு அப்பாலிருந்து ஒரு மாலுமியும் ஒரே நீர்த்துறையை அறிந்திருந்தனர்! அடுத்த நூற்றாண்டில் தாலமி, இக்கரையை 'ஆயோய்' நாடு என்று குறிக்கிறான்; பொதியில் மலையை ஆண்ட ஆய் குடியினரே அவர்கள். ஒன்பதாம் நூற்றாண்டில் அவ்வழி வந்த கருநந்தடக்கன் பார்த்திபசேகரபுரத்தில் கோயிலும் கல்விச் சாலையும் அமைத்தான். நம் எல்லைச் சிற்றூர்களிலிருந்து முஞ்சிறைப் பக்கம் போகிறவர்கள் ஒருமுறை அதனைப் பார்த்து வரலாம்.

ஒலிம்பஸ் தெய்வங்களின் நிலை வேறாயிற்று. கி.பி. நான்காம் நூற்றாண்டின் இறுதியில் தியோடோசியஸ் பேரரசன் பழைய வழிபாட்டைத் தடைசெய்தான். பார்த்தெனான் முதலில் மாதா கோயிலாயிற்று, பின்னர் மசூதியாயிற்று, 1687-இல் வெனிசியரின் குண்டு, உள்ளே இருந்த வெடிமருந்தில் வீழ்ந்து சிதறியது. அதீனா இன்று அருங்காட்சியகங்களில் நிற்கிறாள். அவளுக்கு விளக்கேற்றும் வழிவழிக் குடும்பம் ஒன்றும் எஞ்சவில்லை.

குமரியில் நீராட்டு நிற்கவில்லை. 1956 நவம்பர் 1-இல் எல்லை வகுத்தபோது தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்களும் சென்னை மாநிலத்தில் சேர்ந்தன. நெய்யாற்றின்கரை இப்பக்கம் நின்றது. அவளோடு ஒரே நாட்டில் இருந்த நாம் அன்றுமுதல் வேறு மாநிலத்தார் ஆனோம். 1979-இல் இருப்புப்பாதை வந்து அத்தொலைவைச் சிறிதாக்கியது.

ஆடி அமாவாசைக்கு மகளை அழைத்துச் சென்றேன். விடியுமுன் கடலில் இறங்கிக்கொண்டிருந்த கூட்டத்தை நெடுநேரம் பார்த்துவிட்டு, "அந்தக் கிரேக்கன் எந்தப் பக்கம் கப்பலை நிறுத்தியிருப்பான் அப்பா?" என்றாள். இதற்கும் எனக்கு விடை தெரியவில்லை. ஆனால் இம்முறை நாணமாக இல்லை. இருவரும் முழங்கால் அளவு நீரில் நின்று மேற்கே பார்த்துக்கொண்டிருந்தோம்.