வழக்கைக் கைவிட்ட இரு மிஷனெரிமார்

நீதிமன்றத்தில் தொடங்கிய முறையீட்டைக் கைவிட்டு வேறோர் அதிகாரத்தினிடம் பரிகாரம் தேடுவது சட்டம் அனுமதிக்கும் வழியே. ஆயினும், ஒருவருடைய வழக்கில் ஒரு மக்களின் உரிமையும் அடங்கியிருக்குமாயின், அவர் அதைக் கைவிடலாமா? இக்கேள்வி 1833-ல் அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்தில் எழுந்தது.

1816-ல் யாழ்ப்பாணத்திலும் 1834-ல் மதுரையிலும் ஊழியம் தொடங்கிய அமெரிக்கன் போர்டு மிஷன், செரோக்கி எனும் பழங்குடியினரிடையேயும் ஊழியரை அனுப்பியிருந்தது. அம்மக்களின் நிலத்தை விரும்பிய ஜார்ஜியா, அங்கு வாழும் வெள்ளையர் மாநிலத்திற்குப் பிரமாணம் செய்து உரிமம் பெறவேண்டுமென 1830-ல் சட்டம் இயற்றிற்று. மிஷனெரிமாராகிய சாமுவேல் வூஸ்டரும் எலைசர் பட்லரும் இணங்கவில்லை. 1831 செப்டம்பரில் இவர்கள் உட்பட 11 பேருக்கு 4 ஆண்டுக் கடுங்காவல் விதிக்கப்பட்டது. 9 பேர் மன்னிப்பை ஏற்று விடுதலையாயினர். இவ்விருவர் மாத்திரம் சிறைபுகுந்து, உச்ச நீதிமன்றத்தை நாடினர்.

1832 மார்ச் 3-ல் தலைமை நீதிபதி ஜான் மார்ஷல், செரோக்கி நாட்டில் ஜார்ஜியாவின் சட்டம் செல்லாதெனத் தீர்ப்பளித்தார். மாநிலமோ கீழ்ப்படியவில்லை. தீர்ப்பை நிறைவேற்றுமாறு மீண்டும் முறையிட, 1833 ஜனவரியில் நீதிமன்றம் கூடும்வரை காத்திருக்க நேர்ந்தது.

அதற்குள் நிலைமை மாறிற்று. 1832 நவம்பரில் தென் கரோலினா, மத்திய அரசின் சுங்கவரிச் சட்டங்கள் தன் எல்லைக்குள் செல்லாவென அறிவித்தது. ஜார்ஜியாவும் அதனோடு சேர்ந்தால் நாடு பிளவுபடுமென்று பலர் அஞ்சினர். டிசம்பரில் ஜார்ஜியா அந்த உரிமச் சட்டத்தை நீக்கியது. பாஸ்டனிலிருந்த மிஷன் குழுவும் வழக்கை நிறுத்த ஆலோசனை கூறிற்று. 1833 ஜனவரி 8-ல் இருவரும், மேலும் முறையிட வேண்டாமெனத் தம் வழக்கறிஞருக்கு எழுதி, ஆளுநர் வில்சன் லம்ப்கினுக்கும் அறிவித்தனர். தங்கள் வழக்கு நியாயமானதே என்பதை அவர்கள் மறுக்கவில்லை. ஜனவரி 14-ல் விடுதலையாயினர்.

அவர்களைக் கோழைகள் எனல் தகாது. ஓராண்டுக்கு மேல் சிறைவாசம் அனுபவித்தவர்கள் அவர்கள். பின்னர் வூஸ்டர் மேற்கே சென்று செரோக்கியரிடையே 1859-ல் மரிக்கும்வரை ஊழியஞ் செய்தார். பட்லர் நாடுகடத்தப்பட்ட மக்களோடு தாமும் பயணப்பட்டார். முறையீடு நின்றாலும் தீர்ப்பு அழியவில்லை. 2020-லும் உச்ச நீதிமன்றம் அதை எடுத்தாண்டது.

எனினும், விடுதலை பெற்றோர் இருவர். நிலத்தை இழந்தோர் ஒரு மக்களினம். 1835-ல் சிறுபான்மையினர் கையொப்பமிட்ட உடன்படிக்கையைக் காரணங்காட்டி, 1838-39-ல் செரோக்கியர் மேற்கே துரத்தப்பட்டனர். அதில் ஏறத்தாழ 4,000 பேர் மாண்டதாகப் பொதுவாகக் கணக்கிடப்படுகிறது. முறையீட்டைத் தொடர்ந்திருந்தால் இது நேர்ந்திராது என நாம் துணிந்து கூறவியலாது. ஆனால் அம்மக்களின் கையிலிருந்த வலிய சட்ட ஆயுதம் அன்று கீழே வைக்கப்பட்டது. வைக்கத் தீர்மானித்தோர் சிறையிலிருந்த இருவரும் பாஸ்டன் குழுவினருமே.

இராயனுக்கு அபயமிட்ட பவுல் தம் வழக்கைத் தாமே சுமந்தார். ஏழைகளின் நிலத்திற்காகவும் உரிமைக்காகவும் திருச்சபை இன்று மன்றமேறும்போது, அவ்வழக்கு நம்முடையது மட்டுமன்று. சமாதானத்தின்பொருட்டு அதைத் திரும்பப் பெறும் வேளை வரலாம். அப்பொழுது நாம் முதலில் கேட்கவேண்டியது, அதன் விலையைச் செலுத்தப்போகிறவர்களின் சம்மதத்தையே.