பேசத் தெரிந்தவரின் மௌனம்



"தமிழ் சினிமாவில் மனசில் நிற்பது வசனமா, காட்சியா?" இதுதான் தலைப்பு. எதிரணித் தலைவர் 1952-ல் வந்த 'பராசக்தி'யைக் கையில் எடுத்துக்கிட்டார். மூச்சு விடாமல் நீதிமன்றக் காட்சியைச் சொன்னார். நீங்க கைதட்டினீங்க, நானும் தட்டினேன். நல்ல தமிழுக்குத் தட்டலைன்னா அப்புறம் கை எதுக்கு? (சிரிப்பு)

நான் ஒரே ஒரு சாட்சியைக் கூப்பிடுகிறேன். வசனம் எழுதிப் பேர் வாங்கிய மனிதர் அவர். இயக்குநர் மகேந்திரன்.

1939-ல் இளையான்குடியில் பிறந்தவர். இயற்பெயர் அலெக்சாண்டர். காரைக்குடி அழகப்பா கல்லூரியில் படிக்கும்போது விழாவுக்கு எம்.ஜி.ஆர். வந்தார். மாணவர்களில் ஒருவராக இவர் மேடை ஏறினார். 'நிஜத்துல நாம காதலிச்சா ஊரே திரண்டு வருது; சினிமாவுல ஊருக்கே கேட்கிற மாதிரி டூயட் பாடுறாங்க, ஒருத்தரும் கேட்கிறதில்லையே!' என்கிற ரீதியில், எம்.ஜி.ஆரை எதிரே வைத்துக்கொண்டே பேசினார். கூட்டம் ஆர்ப்பரித்தது. எம்.ஜி.ஆர். கோபப்படவில்லை, பாராட்டி எழுதிக் கொடுத்தார். ஆக, மகேந்திரனுக்கு வாழ்க்கையில் முதல் கதவைத் திறந்ததே பேச்சுதான். எதிரணி சந்தோஷப்படலாம். ஆனா கொஞ்ச நேரம்தான்! (சிரிப்பு)

பின்னாளில் அதே எம்.ஜி.ஆர். அவரை அழைத்து, 'பொன்னியின் செல்வ'னுக்குத் திரைக்கதை எழுதச் சொன்னார். அன்றைக்கு அந்தப் படம் வரவில்லை. மகேந்திரன் 'துக்ளக்'கில் சினிமா விமர்சனம் எழுதினார். சிவாஜி நடித்த 'தங்கப்பதக்கம்' நாடகத்தையும் எழுதினார். 1974-ல் அது படமாகி ஓடு ஓடென்று ஓடியது. வசனத்துக்கு மகேந்திரன் என்று ஊரே சொன்னது.

அப்படிப்பட்டவர் 1978-ல் முதல் படம் இயக்குகிறார். உமாசந்திரன் நாவலை வைத்து 'முள்ளும் மலரும்'. தயாரிப்பாளர் வேணு செட்டியார், இவர் பேனாவை நம்பிப் பணம் போட்டவர். முடிந்த படத்தைப் பார்த்தார். 'வசனமே இல்லையே' என்று கலங்கிப் போய்விட்டார். அவரைச் சொல்லிக் குற்றமில்லை. இனிப்புக் கடைக்காரர்னு நம்பிக் கூப்பிட்டா, அவர் பத்தியச் சாப்பாடு போட்டா எப்படி இருக்கும்? (பலத்த சிரிப்பு)

ஆனால் அந்தப் படத்தில் வின்ச் இயக்குகிற காளி, கையை இழந்து ஊர் திரும்புவான். தங்கை வள்ளி அவனைப் பார்க்கிற இடத்தை நினைத்துப் பாருங்கள். வாய்விட்டு ரெண்டு பக்கம் புலம்ப வைத்திருக்கலாம், எழுதத் தெரியாதவரா? எழுதவில்லை. பாலு மகேந்திராவின் கேமராவையும், இளையராஜாவின் இசையையும், ரஜினி, ஷோபா முகங்களையும் நம்பினார். ஆரம்பத்தில் கூட்டம் குறைவுதான். பார்த்தவர்கள் பக்கத்து வீட்டில் சொல்லிச் சொல்லியே படம் 100 நாள் ஓடியது. படம் பேசலைங்க, ஜனங்க பேசினாங்க! (கைதட்டல்)

அடுத்த வருஷம், 1979-ல், புதுமைப்பித்தனின் 'சிற்றன்னை'யிலிருந்து வித்து எடுத்து 'உதிரிப்பூக்கள்'. ஊரையே வதைத்த ஒருவனை ஊரே ஆற்றங்கரைக்குக் கொண்டு வருகிறது. அவன் பேசுவது கொஞ்சம்தான். பிறகு தானே தண்ணீரில் இறங்குகிறான். கரையில் அவன் பெற்ற இரண்டு குழந்தைகள். கெட்டவன் ஒழிந்தான் என்று கைதட்ட முடியுதா நம்மால்? அந்தக் குழந்தைகளைப் பார்த்தபின் முடியாது. இதைச் சொல்ல எந்த வசனகர்த்தாவுக்கு வார்த்தை இருக்கிறது?

1980-ல் 'நெஞ்சத்தைக் கிள்ளாதே'. சிறந்த தமிழ்ப் படம், ஒளிப்பதிவு, ஒலிப்பதிவு என்று மூன்று தேசிய விருதுகள். ஒலிப்பதிவுக்கும் விருது என்பதைக் கவனியுங்கள். பேச்சைக் குறைத்த இடத்தில்தான் மற்ற சத்தங்கள் காதில் விழும்.

எதிரணி கேட்பார்கள்: 'அப்போ வசனமே வேண்டாமா?' மகேந்திரன் அப்படிச் சொல்லவில்லை. ஒரு சமூகத்தைத் தட்டி எழுப்ப 'பராசக்தி'க்கு வசனம் தேவைப்பட்டது. ஆனா வீட்டுக்குள்ளே? கல்யாணமாகிப் போகிற பொண்ணு படி இறங்கும்போது அப்பா என்ன பேசுவார்? 'பெட்டியெல்லாம் ஏத்தியாச்சா?'ன்னு கேட்பார். அவ்வளவுதான். கண்ணைக் காட்டாம வேற பக்கம் திரும்பிக்குவார். அந்தத் திரும்புதல்தான் காட்சி! (நீண்ட கைதட்டல்) அந்த அப்பாவை அப்பாவாகவே திரையில் நிறுத்தியவர் மகேந்திரன். நாம் பார்த்தே புரிந்துகொள்வோம் என்று நம்மை மதித்தவர்.

மதிப்புக்கு விலை உண்டு. 1978 தொடங்கி 2006-ல் வந்த 'சாசனம்' வரைக்கும் அவர் இயக்கியது 12 படங்கள்தான். 2016-ல் 'தெறி'யில் வில்லனாக வந்தபோது, இளைய பிள்ளைகள் 'யாருப்பா இவர்?' என்று கேட்டார்கள். 2019 ஏப்ரலில் மறைந்தார். இன்னும் படம் எடுத்திருக்கலாமே என்று நமக்கு ஆதங்கம்தான். ஆனால் எடுத்ததில் எதை மறந்தோம்?

பேசத் தெரியாதவன் மௌனமாக இருந்தால் அது இயலாமை. எம்.ஜி.ஆர். முன்னாலேயே பேசி ஜெயித்தவர் மௌனத்தைத் தேர்ந்தெடுத்தால், அது தீர்ப்பு. நடுவர் அவர்களே, வசனத்தின் வலிமை தெரிந்தவரே காட்சியின் பக்கம் வந்து நின்ற பிறகு, நீங்கள் மட்டும் அந்தப் பக்கம் போய்விடாதீர்கள் என்று கேட்டு அமர்கிறேன். (கைதட்டல்)