மின்குமிழின் ஆயுள்

பொருள்களை விரைவில் வீசுவோரை ஊதாரிகள் என்று உலகம் பழிக்கும். அவை ஏன் விரைவிற் பழுதுற்றன என்று வினவுவோர் சிலரே.

1924ஆம் ஆண்டு டிசம்பரில், பல நாட்டு மின்குமிழ் உற்பத்தியாளர் ஜெனீவா நகரிற் கூடி, ஃபீபஸ் என்னும் கூட்டமைப்பை நிறுவினர். அந்நாளில் 1,500 முதல் 2,000 மணி நேரம் வரை எரிந்த குமிழ், இனி 1,000 மணி நேரமே எரிதல் வேண்டும் என வகுத்தனர். மாதிரிக் குமிழ்கள் சுவிற்சர்லாந்து ஆய்வுகூடத்திற் சோதிக்கப்பட்டன. எல்லை கடந்து எரியும் குமிழைச் செய்தோர் தண்டம் இறுத்தனர். நீடித்து உழைப்பதே குற்றமாயிற்று!

ஆயுள் குறையின் ஒளி மிகும் என்பது அவர்தம் வாதம். அஃது உண்மையே, ஆயினும் விற்பனை பெருகும் என்பதும் அவர் அறிந்ததே. 1939இல் மூண்ட போர் கூட்டமைப்பைக் குலைத்தது. அவர் வகுத்த 1,000 மணி நேரமோ பல்லாண்டு நிலைத்தது. குப்பைமேட்டிற் கிடந்த குமிழுக்கு, அதனை எறிந்தவர் மட்டுமோ பொறுப்பாளி?